ஜேலன் என்னும் பெயரின் பொருளும் தோற்றமும்

அருள்மொழி (கேள்வி):

அனைவருக்கும் வணக்கம். அமெரிக்கக் கூடைப்பந்து ஆட்டங்களைப் பற்றித் தமிழில் எழுதிவருகிறேன். அண்மைக் காலமாக ஒரே பெயர் திரும்பத் திரும்ப எதிர்ப்படுகிறது. நியூயார்க் நிக்ஸ் அணியின் ஜேலன் பிரன்சன், 2024இல் பாஸ்டன் செல்டிக்ஸ் கோப்பையை வென்றபோது இறுதித் தொடரின் சிறந்த ஆட்டக்காரராகத் தேர்வான ஜேலன் பிரவுன் என்று வரிசை நீள்கிறது. கூடைப்பந்தை விட்டு அமெரிக்கக் கால்பந்துக்குப் போனாலும், 2025 பிப்ரவரியில் பிலடெல்பியா ஈகிள்ஸ் அணிக்கு சூப்பர் பவுல் என்னும் வாகைப் போட்டியில் வெற்றியைத் தேடித்தந்தவர் ஜேலன் ஹர்ட்ஸ். ஒக்லஹோமா சிட்டி கூடைப்பந்து அணியிலோ ஜேலன் வில்லியம்ஸ் என்று ஒலிக்கும் பெயருடையவர்கள் இருவர் இருக்கிறார்கள். ஆங்கில எழுத்துக்கூட்டலில்தான் அவர்கள் வேறுபடுகிறார்கள்.

குழந்தைப் பெயர்களுக்கான இணையதளங்களில் இதன் பொருளைத் தேடினேன். ஒரு தளம் 'அமைதி' என்னும் பொருள்கொண்ட கிரேக்கச் சொல் என்கிறது. இன்னொன்று எபிரேயம் என்கிறது. ஆப்பிரிக்க மொழி ஒன்றிலிருந்து வந்தது என்று, எந்த மொழி என்பதைக் கூறாமலேயே, எழுதியவர்களும் உண்டு. பெற்றோருக்கோ முன்னோருக்கோ இப்பெயர் இருந்ததாக எங்கும் காண முடியவில்லை. ஒரு தலைமுறைக்குள் இத்தனை பேருக்கு வாய்த்த பெயர் உண்மையில் எங்கிருந்து வந்தது, அதற்குப் பொருள் என்று ஏதும் உண்டா, ஏன் இத்தனை எழுத்துக்கூட்டல்கள் என்பவற்றை அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன். தமிழில் இதை எவ்வாறு எழுதுவது என்பதும் எனக்கு ஒரு சிக்கல்தான்.

தில்லைநாயகம்:

அருள்மொழி அவர்களுக்கு வணக்கம். முதலில் கிரேக்கக் கதையை ஒதுக்கிவிடுவோம். உரோமப் பேரரசுக் காலத்தில் வாழ்ந்த கேலன் என்னும் புகழ்பெற்ற கிரேக்க மருத்துவரின் பெயர், அமைதியான கடலைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லோடு தொடர்புடையது. அந்தப் பெயர் ககர ஒலியில் தொடங்குகிறது. ஜேலன் என்னும் பெயரோ ஜகர ஒலியில் தொடங்குகிறது. எழுத்தில் ஓரளவு ஒத்திருப்பதைக் கண்டு ஒன்றன் பொருளை மற்றொன்றுக்கு ஏற்றிவிட்டார்கள். எந்தப் பெயருக்கும் ஒரு பழைய மொழியில் ஒரு சொற்பொருள் இருந்தே தீர வேண்டும் என்று எண்ணுகிறவர்கள், கிடைக்காத இடத்தில் இப்படித்தான் ஒன்றை ஒட்டவைக்கிறார்கள்.

உண்மையில், தோற்றக் கதை இவ்வளவு தெளிவாகத் தெரிந்திருக்கும் பெயர்கள் மிகக் குறைவு. 1973 ஜனவரி 30 அன்று மிச்சிகன் மாநிலத்தின் டெட்ராய்ட் நகரில் ஜீன் ரோஸ் என்னும் பெண்மணிக்கு ஓர் ஆண் குழந்தை பிறந்தது. குழந்தையின் தந்தை ஜேம்ஸ் வாக்கர். விளையாட்டு உலகில் அவரை ஜிம்மி வாக்கர் என்பார்கள். பிராவிடன்ஸ் கல்லூரிக்காக ஆடி, 1967ஆம் ஆண்டின் என்பிஏ தேர்வில் (அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து அணிகள் புதிய ஆட்டக்காரர்களை வரிசையாக எடுத்துக்கொள்ளும் நிகழ்வு) முதல் ஆளாக டெட்ராய்ட் பிஸ்டன்ஸ் அணியால் எடுக்கப்பட்டவர் அவர். ஆனால் குழந்தை பிறந்தபோது அவர் ஹூஸ்டன் அணிக்குப் போய்விட்டிருந்தார். தந்தையாக அவர் அந்தக் குடும்பத்தில் இருக்கவில்லை. மகப்பேற்றுக்காக ஜீனைக் காரில் ஏற்றி மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றவர் அவருடைய சகோதரர் லெனார்ட். ஜேம்ஸ் என்பதன் முன்பகுதியையும் லெனார்ட் என்பதன் முன்பகுதியையும் சேர்த்து அந்தத் தாய் உருவாக்கிய பெயர்தான் ஜேலன். அந்தக் குழந்தைதான் பின்னாளில் புகழ்பெற்ற ஆட்டக்காரர் ஜேலன் ரோஸ்.

இந்தப் பெயரில் எனக்கு மிகவும் பிடித்த செய்தி இதுதான்: உடன் இல்லாத தந்தையின் பெயரும், உடன் இருந்த தாய்மாமனின் பெயரும் சம பங்காக அதில் அமைந்திருக்கின்றன. ஜீன் ரோஸ் கிரைஸ்லர் கார் நிறுவனத்தில் பணியாற்றியபடியே நான்கு பிள்ளைகளை வளர்த்தவர். அவர்களுள் கடைக்குட்டி ஜேலன். தந்தையும் மகனும் வாழ்நாளில் ஒருமுறைகூட நேரில் சந்தித்துக்கொள்ளவில்லை. வாக்கர் 2007இல் காலமானார். தன்னை விட்டுப் போனவரின் பெயரைத் தாய் அடியோடு விலக்கியிருக்கலாம்; அல்லது வழக்கப்படி ஜேம்ஸ் என்றே மகனுக்கு வைத்திருக்கலாம். அவர் இரண்டையும் செய்யவில்லை. ஆகவே, ஜேலன் என்பதற்கு அகராதிப் பொருள் இல்லை. ஆனால் இரண்டு மனிதர்களைச் சுட்டுகிற, ஒரு குடும்பத்துக்கு மட்டுமே முழுமையாகப் புரிகிற பொருள் அதற்கு உண்டு.

குடும்பத்துப் பெயர் நாட்டுப் பெயரானது 1991க்குப் பிறகு. அந்த ஆண்டு மிச்சிகன் பல்கலைக்கழக அணியில் ஜேலன் ரோஸ், கிறிஸ் வெபர், ஜுவான் ஹோவர்ட், ஜிம்மி கிங், ரே ஜாக்சன் என்னும் ஐந்து முதலாண்டு மாணவர்கள் ஒன்றாகச் சேர்ந்தார்கள். ஐவரும் கறுப்பின இளைஞர்கள். நீண்டு தளர்ந்த கால்சட்டை, கறுப்புக் காலுறை, மழித்த தலை என்று அவர்களுடைய தோற்றமே நாடு முழுவதும் பேச்சானது. 1992, 1993 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் கல்லூரிகளுக்கிடையிலான தேசியப் போட்டியின் இறுதியாட்டம் வரை சென்று, முதலில் டியூக்கிடமும் அடுத்து வட கரோலினாவிடமும் தோற்றார்கள். தோல்வி அவர்களுடைய செல்வாக்கைக் குறைக்கவில்லை. தொலைக்காட்சி வர்ணனையில் அந்தப் பெயரை முதன்முறையாகக் கேட்ட இளம் பெற்றோர்கள் அதைத் தம் பிள்ளைகளுக்கு வைக்கத் தொடங்கினார்கள். நீங்கள் குறிப்பிட்டவர்களுடைய பிறந்த ஆண்டுகளைப் பாருங்கள்: பிரன்சனும் பிரவுனும் 1996, ஹர்ட்ஸ் 1998.

மங்கையர்க்கரசி:

தில்லைநாயகம் ஐயா எழுதியதோடு உடன்படுகிறேன். ஆனால், ஒரு தாய் இரண்டு பெயர்களைத் துணிந்து இணைத்தது வெறும் தனிமனிதக் கற்பனை அன்று என்பதைச் சேர்க்க வேண்டும். அதற்குப் பின்னால் நீண்ட வரலாறு இருக்கிறது.

அமெரிக்காவில் அடிமைமுறைக் காலத்தில் பெயர் வைக்கும் உரிமை பல இடங்களில் எசமானரிடம் இருந்தது. சீசர், பாம்பி, கேட்டோ, சிப்பியோ என்று உரோமப் பெருமக்களின் பெயர்களைத் தம்முடைய அடிமைகளுக்கு வைத்தார்கள். அதிகாரம் எதுவும் இல்லாதவருக்குப் பேரரசனின் பெயர் வைப்பது சில எசமானர்களுக்கு ஒரு கேளிக்கை. அதே காலத்தில் மேற்கு ஆப்பிரிக்காவின் அக்கான் மக்களுடைய கிழமைப் பெயர்களும் கடல் கடந்து உயிரோடிருந்தன. திங்கட்கிழமை பிறந்தவன் கோஜோ, வெள்ளிக்கிழமை பிறந்தவன் கோஃபி. இவை அமெரிக்கப் பதிவேடுகளில் கட்ஜோ, கஃபி என்று உருமாறிக் காணப்படுகின்றன. தலைமுறைகள் செல்லச் செல்ல அவை மறைந்தன.

விடுதலை பெற்றவர்கள் முதலில் செய்தவற்றுள் ஒன்று பெயரைத் தாமே தேர்ந்துகொண்டது. பிரெடரிக் பெய்லி என்னும் பெயரோடு பிறந்து, 1838இல் அடிமைத்தளையிலிருந்து தப்பிய பின் டக்ளஸ் என்று மாற்றிக்கொண்ட அடிமைமுறை எதிர்ப்புத் தலைவரைப் பலரும் அறிவார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் கறுப்பின ஆண்களிடம் சிறப்பாக வழங்கிய பெயர்களைப் பொருளியல் வரலாற்றாய்வாளர்கள் பழைய பதிவேடுகளிலிருந்து திரட்டியிருக்கிறார்கள். மோசஸ், எலைஜா, ஐசையா முதலிய விவிலியப் பெயர்களோடு கிங், பிரின்ஸ், மாஸ்டர், ஃப்ரீமேன் ஆகியவையும் அந்தப் பட்டியலில் உள்ளன. கறுப்பின ஆண்களுக்கு மரியாதை அடைமொழி தர வெள்ளையர்கள் மறுத்த தென்மாநிலங்களில், மாஸ்டர் என்பதைப் பெயராகவே வைத்துவிட்டால் அழைப்பவர் அதைச் சொல்லித்தானே ஆக வேண்டும். இதை நான் ஒரு பெற்றோரின் மதிநுட்பமாகவே காண்கிறேன்.

அடுத்த பெரிய திருப்பம் 1960களின் பிற்பகுதி. காஷியஸ் கிளே 1964இல் முகமது அலி ஆனார். லூ அல்சிண்டர் 1971இல் கரீம் அப்துல் ஜப்பார் ஆனார். 1966இல் குவான்சா என்னும் ஆப்பிரிக்க அமெரிக்கர்களின் பண்பாட்டு விழா தொடங்கப்பட்டது. அழகு என்னும் பொருளுடைய ஜமால், அரசன் என்னும் பொருளுடைய மாலிக் போன்ற அரபுப் பெயர்களும், குவாமே போன்ற ஆப்பிரிக்கப் பெயர்களும் இஸ்லாமைத் தழுவாத குடும்பங்களுக்குள்ளும் பரவின. கலிபோர்னியா மாநிலத்தின் 1961 முதல் 2000 வரையிலான பிறப்புப் பதிவுகளை ஆராய்ந்த ரோலண்ட் ஃபிரையர், ஸ்டீவன் லெவிட் ஆகிய பொருளியலறிஞர்கள், 1960களில் கறுப்பினப் பெற்றோரும் வெள்ளையினப் பெற்றோரும் வைத்த பெயர்களுக்கிடையே பெரிய இடைவெளி இல்லை என்றும், 1970களின் தொடக்கத்தில் அந்த இடைவெளி மிக வேகமாக விரிந்தது என்றும், கறுப்பின எழுச்சி இயக்கத்தின் தாக்கமே அதற்குப் பொருத்தமான விளக்கம் என்றும் 2004இல் வெளியான ஆய்வில் காட்டினார்கள்.

ஜேலன் பிறந்தது அந்த விரிவின் நடுவில், அதுவும் டெட்ராய்டில். 1967 ஜூலைக் கலவரத்தில் எரிந்த நகரம் அது. 1973 நவம்பரில் கோல்மன் யங்கைத் தன் முதல் கறுப்பின மேயராகத் தேர்ந்தெடுத்த நகரமும் அதுவே. அந்த ஊரில், அந்த ஆண்டில், ஒரு தாய்க்குத் தன் மகனின் பெயரைத் தானே உருவாக்கிக்கொள்ளலாம் என்னும் துணிவு வந்ததில் வியப்பில்லை.

இதே காலத்தில் தழைத்த வேறொரு கிளையும் உண்டு. பிரெஞ்சுச் செல்வாக்குள்ள லூசியானா வழியாக வந்த 'டி', 'லா' போன்ற முன்னொட்டுகளைப் பழகிய பெயர்களோடு சேர்ப்பது அது. டிஷான் என்பதில் உள்ள ஷான், ஜான் என்பதன் ஐரிஷ் வடிவம். ஜேலன் இந்தக் கிளையைச் சேர்ந்தது அன்று. எனினும் இரண்டுக்கும் அடிப்படை ஒன்றே. கையில் இருக்கும் பெயர்த் துண்டுகளைக் கொண்டு இதுவரை இல்லாத ஒன்றை அமைப்பது அது.

அருள்மொழி:

இருவருக்கும் நன்றி. ஒரு துணைக் கேள்வி. என் ஆங்கில நண்பர் ஒருவர் இத்தகைய பெயர்களை 'இட்டுக்கட்டிய பெயர்கள்' என்று சற்றே இளக்காரமாகச் சொன்னார். மரபான பெயர்களோடு ஒப்பிட்டால் இவை குறைந்தவை என்னும் எண்ணம் அமெரிக்காவில் பரவலாக இருக்கிறதா? அதனால் இப்பெயரைத் தாங்கியவர்களுக்குப் பாதிப்பு உண்டா?

மங்கையர்க்கரசி:

எண்ணம் பரவலாக உண்டு. அது நேர்மையானதன்று என்பது என் உறுதியான கருத்து. உங்கள் நண்பரிடம் வனெசா என்னும் பெயரைப் பற்றிக் கேளுங்கள். அயர்லாந்து எழுத்தாளர் ஜோனதன் ஸ்விஃப்ட், எஸ்தர் வன்ஹொம்ரி என்னும் தம் தோழியின் குடும்பப் பெயரிலிருந்து 'வன்' என்பதையும், எஸ்தர் என்பதன் செல்ல வடிவமான 'எசா' என்பதையும் சேர்த்து அப்பெயரை உருவாக்கினார். 1726இல் அச்சான அவருடைய கவிதை வழியாக அது பரவியது. ஜீன் ரோஸ் செய்ததும் இதே செயல்தான். மதகுருவான ஓர் எழுத்தாளர் செய்தால் அது இலக்கியம், டெட்ராய்டின் கறுப்பினத் தாய் ஒருவர் செய்தால் அது இட்டுக்கட்டு என்று சொல்வதில், பெயரைப் பற்றிய தீர்ப்பைக் காட்டிலும் பெயர் வைத்தவரைப் பற்றிய தீர்ப்பே இருக்கிறது.

பாதிப்பும் உண்மைதான். மரியான் பெர்ட்ராண்ட், செந்தில் முல்லைநாதன் ஆகிய பொருளியலறிஞர்கள் பாஸ்டன், சிகாகோ நகரங்களின் வேலை விளம்பரங்களுக்கு ஏறக்குறைய 5,000 கற்பனை விண்ணப்பங்களை அனுப்பி நடத்திய ஆய்வு 2004இல் வெளியானது. தகுதிகள் ஒத்திருந்தும், வெள்ளையினப் பெயர் இருந்த விண்ணப்பங்களில் பத்துக்கு ஒன்றுக்கு அழைப்பு வந்தது. கறுப்பினப் பெயர் இருந்தவற்றில் பதினைந்துக்கு ஒன்றுக்குத்தான் வந்தது. முல்லைநாதன் தமிழ்நாட்டில் பிறந்தவர் என்பது இங்கு உள்ளவர்களுக்கு ஆர்வமூட்டலாம். அந்த ஆய்வில் ஜமால், டார்னெல், டைரோன், ரஷீத் போன்ற பெயர்கள் பயன்பட்டன. ஜேலன் அவற்றில் இல்லை. இருக்கவும் முடியாது, ஏனெனில் அப்போது நாட்டிலுள்ள ஜேலன்களுள் பெரும்பாலோர் பள்ளிச் சிறுவர்கள். அவர்கள் வளர்ந்து வேலைக்கு விண்ணப்பிப்பது இப்போதுதான்.

ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். நான் முன்பு குறிப்பிட்ட ஃபிரையர், லெவிட் ஆய்வில், பிறந்த குடும்பத்தின் நிலைமைகளைக் கணக்கில் கொண்ட பிறகு, பெயர் மட்டுமே ஒருவரின் பிற்கால வாழ்வைப் பாதித்ததற்குச் சான்று கிடைக்கவில்லை. இரண்டு முடிவுகளும் ஒன்றையொன்று அழிப்பவை அல்ல என்று கருதுகிறேன். அழைப்பு வராமற்போவது வேலை தருபவரின் செயல்; அதற்காகப் பெற்றோர் தம் தேர்வை மாற்றிக்கொள்ள வேண்டும் என்று அறிவுரை கூறுவது தவறான ஆளிடம் திருத்தம் கேட்பதாகும்.

சேரலாதன்:

நல்ல விவாதம். ஆனால் எல்லாப் புகழையும் ஜேலன் ரோஸுக்கே கொடுப்பதில் எனக்குத் தயக்கம் இருக்கிறது. ஒரு பெயர் பரவுவதற்கு ஒரு புகழ்பெற்ற மனிதர் மட்டும் போதாது. அவருடன் ஆடிய வெபர் அவரைவிடப் பெரிய நட்சத்திரமாக இருந்தார். ஜுவான் என்பதும் புதுமையான பெயர்தான். ஆனாலும் ஜேலன் போல எதுவும் பரவவில்லை. ஜமால், ஜமார், ஜவான், ஜபாரி என்று 'ஜ' வரிசையில் தொடங்கும் பெயர்களுக்குக் கறுப்பினக் குடும்பங்களின் காது ஏற்கெனவே பழகியிருந்தது. 'அன்' என்று முடியும் இரண்டசை ஆண் பெயர்களோ ஆங்கிலத்தில் எண்ணற்றவை. ஆக, இது புதிதாகவும் இருந்தது, அதே வேளையில் எங்கோ கேட்டது போலவும் இருந்தது.

பின்னர் 2000களில் ஜேடன், எய்டன், பிரேடன் என்று ஓசை ஒத்த பெயர்கள் எல்லா இனத்தவரிடமும் அலையாக எழுந்தன. அந்த அலை ஜேலனையும் தூக்கிச் சென்றது. அப்போது பிறந்த ஜேலன்களின் பெற்றோர்கள் பலர் ரோஸ் ஆடிய காலத்தை நினைத்து வைத்தவர்களாக இருக்க மாட்டார்கள். வெள்ளையினக் குடும்பங்களிலும் இப்பெயர் உண்டு. சற்று மாறிய எழுத்துக்கூட்டல்களோடு பெண்களுக்கும் வைக்கிறார்கள்.

தில்லைநாயகம்:

சேரலாதன் சொல்வது நியாயமானது. ரோஸ் கதவைத் திறந்தார். உள்ளே வந்த கூட்டத்துக்கு வேறு காரணங்களும் இருந்தன. எனினும் காலவரிசை அவர் பக்கமே வலுவாக நிற்கிறது என்பதையும் சொல்ல வேண்டும். அமெரிக்க அரசின் சமூகப் பாதுகாப்பு நிர்வாகம் 1880 முதலான பிறப்பாண்டுகளுக்குப் பெயர்ப் பட்டியல் வெளியிடுகிறது. நாட்டின் முதல் ஆயிரம் ஆண் பெயர்களுக்குள் ஜேலன் நுழைந்தது 1990களின் தொடக்கத்தில், அதாவது மிச்சிகன் ஐவர் ஆடிய அதே காலத்தில். அந்தப் பட்டியலில் இனம் பற்றிய குறிப்பு இருக்காது என்பதால், எத்தனை பேர் கறுப்பினத்தவர் என்பதை அதிலிருந்து நேரடியாக எடுக்க முடியாது.

எழுத்துக்கூட்டல் பற்றிய உங்கள் கேள்விக்கும் விடை இங்கே இருக்கிறது. ஜேம்ஸ் என்பதை ஆங்கிலத்தில் எழுதும்போது முதலிரண்டு எழுத்துகள் ஜே, ஏ. அவற்றோடு லெனார்டின் எல், இ, என் சேர்ந்ததால் மூல வடிவத்தில் (Jalen) ஒய் (y) என்னும் எழுத்து இல்லை. ஆனால் மூலக் கதையை அறியாமல் தொலைக்காட்சியில் ஒலியை மட்டும் கேட்ட பெற்றோர்கள், 'ஜே' என்னும் ஒலிக்கு இயல்பாகத் தோன்றும் ஒய் எழுத்தைச் சேர்த்து எழுதினார்கள். கடைசி உயிரெழுத்தையும் இ, ஐ, ஓ, ஏ என்று விருப்பப்படி மாற்றினார்கள். பாஸ்டனின் பிரவுன் பெயரில் ஒய் உண்டு. பிரன்சன் பெயரில் இல்லை. அரசுப் பட்டியல் ஒவ்வொரு எழுத்துக்கூட்டலையும் தனிப் பெயராக எண்ணுவதால், இந்தப் பெயரின் உண்மையான பரப்பு எந்த ஒரு வரிசை எண்ணிலும் முழுமையாகத் தெரிவதில்லை. எல்லா வடிவங்களையும் கூட்டித்தான் பார்க்க வேண்டும்.

அருள்மொழி:

மிக்க நன்றி. தமிழில் எழுதும் சிக்கல் மட்டும் எஞ்சியிருக்கிறது. ஒக்லஹோமா சிட்டியின் இரண்டு வில்லியம்ஸ்களையும் வாசகர்கள் குழப்பிக்கொள்கிறார்கள்.

சேரலாதன்:

'ஜாலன்' என்று சில செய்திகளில் பார்க்கிறேன். அது எழுத்தைப் பார்த்து எழுதியது, தவறு. அழுத்தம் முதலசையில் விழும். எனவே 'ஜே' நெடிலாகவே இருக்க வேண்டும். இரண்டு வில்லியம்ஸ்களும் 2022ஆம் ஆண்டுத் தேர்வில் ஒரே அணிக்கு வந்தவர்கள். முதல் சுற்றில் பன்னிரண்டாவதாக எடுக்கப்பட்டவரின் பெயரில் ஒய் இல்லை. இரண்டாம் சுற்றில் முப்பத்து நான்காவதாக எடுக்கப்பட்டவரின் பெயரில் ஒய் உண்டு, ஈற்றசையில் ஐ எழுத்தும் உண்டு. ஆங்கில ஒலிப்பில் வேறுபாடு மிகச் சிறிது. அங்குள்ள ரசிகர்களே முதலாமவரை ஜே-டப் என்றும் இரண்டாமவரை ஜே-வில் என்றும் அழைத்துத்தான் பிரித்தறிகிறார்கள். தமிழில் முதலாமவரை ஜேலன் வில்லியம்ஸ் என்றும் இரண்டாமவரை ஜேலின் வில்லியம்ஸ் என்றும் எழுதி, கட்டுரையில் முதன்முறை வரும் இடத்தில் சட்டை எண்ணையும் சேர்த்துவிடுங்கள். முதலாமவருக்கு 8, இரண்டாமவருக்கு 6. பிரன்சன், பிரவுன், ஹர்ட்ஸ் ஆகிய மூவருக்கும் ஜேலன் என்றே எழுதலாம்.